மணிக்கட்டைப் பிடித்த கை

என் தறிக்கூடத்துக்குள் என்னைக் கேட்காமல் கால் வைத்த வெளியாள் இந்த ஆரணியில் ஒருவர்தான். அதுவும் ஒரு பெண்பிள்ளை. வெள்ளைச் சேலை, இடுப்புப் பக்கம் ஈரக் கை துடைத்த கறை, காலில் ரப்பர் செருப்பு. எட்டு பவர்லூம் ஒன்றாக ஓடும்போது உள்ளே நிற்கிறவன் காதில் வேறு எதுவும் விழாது. அது தெரிந்துதானோ என்னவோ, அந்தம்மா வாயைத் திறக்கவே இல்லை. தடுக்க வந்த மேஸ்திரியை ஒதுக்கிவிட்டு நேராக என் முன்னால் வந்து நின்று, ஒரு விரலைத் தூக்கிக் காட்டினார். பிறகு உள்ளங்கையைக் கீழே இறக்கிக் காட்டினார். ஒரு நிமிஷம். நிறுத்து.

இதை எழுதும்போதும் எனக்குக் கோபம் வருகிறது. யார் மேல் என்பதைப் போகப் போகச் சொல்கிறேன்.

நான் மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன். எழுத்துக் கூட்டிப் படிக்கப் பழகியதெல்லாம் பிற்பாடு, பட்டு சுற்றி வந்த பழைய பேப்பரைப் பார்த்து. கூலிக்கு நெய்து, சொந்தத் தறி போட்டு, தொண்ணூறுகள் பிறக்கும்போது எட்டு பவர்லூம் வைத்திருந்தேன். யாரும் தூக்கிவிடவில்லை. கண்ணைக் கட்டி நடுவில் நிறுத்தினாலும் எட்டில் எந்தத் தறி தப்பாக அடிக்கிறது என்று சொல்லிவிடுவேன். இன்றைக்கும் சொல்வேன். எங்கள் தெருவில் அந்தக் காது வேறு ஒருவனுக்கும் கிடையாது. கூடத்தை ஒட்டி ஒரே சுவரில் இன்னொரு கட்டடமும் கட்டினேன். அதை ஒரு லேடி டாக்டர் பிரசவ ஆஸ்பத்திரி நடத்த வாடகைக்கு எடுத்தார். சுவருக்கு இந்தப் பக்கம் தறி, அந்தப் பக்கம் பிரசவ அறை. அப்போது அதில் ஒரு தப்பும் எனக்குத் தெரியவில்லை.

அந்தம்மா அங்கே நர்ஸ். வெளியே கூட்டிக்கொண்டு போய் இன்னாம்மா வேணும் என்று கேட்டேன்.

"உள்ள இருக்கிற குழந்தைக்கு நெஞ்சுத் துடிப்பு கேக்கணும். உங்க தறிச் சத்தத்துல ஒண்ணும் கேக்கல. ஒரு நிமிஷம் நிறுத்துங்க."

"நான் யாருன்னு தெரியுமா உனக்கு?"

"தெரியுது. பக்கத்து ஊட்டு அண்ணா. ஒரு நிமிஷம்தான்."

ஊரே என்னை முதலாளி என்று கூப்பிடும். இந்தம்மாவுக்கு நான் பக்கத்து வீட்டு அண்ணன். நினைத்தபோது நிறுத்துவதற்கு இது ஃபேனா, குறுக்கே ஓடுகிற நாடாக்கட்டை பாவு நூலுக்குள் மாட்டினால் எத்தனை இழை அறும் தெரியுமா என்று சத்தம் போட்டேன்.

"கரண்டுக்காரங்க கேக்காமலே நிறுத்தறாங்க. நான் கேட்டுகினு நிறுத்தச் சொல்றேன்."

தறிக்காரர்கள் சிரித்துவிட்டார்கள். அவர்கள் சிரித்ததை நிறுத்தவே தறியை நிறுத்தச் சொன்னேன். ஒரு நிமிஷம் கழித்துச் சுவரில் இரண்டு தட்டு தட்டினார்கள், ஓட்டலாம் என்று. அன்றைக்குச் சாயங்காலத்துக்குள் எட்டு முறை நிறுத்தினோம்.

அதன் பிறகு அது ஓயாத பேஜாராகிவிட்டது. யாருக்காவது இடுப்பு வலி என்றால் அரை மணிக்கொரு தரம் ஆஸ்பத்திரி பெருக்குகிற பெண் வாசலில் வந்து நின்று விரலைத் தூக்குவாள். குழந்தை இறங்கி வருகிற நேரமானால் ஐந்து நிமிஷத்துக்கு ஒரு முறை. முகூர்த்த மாதத்தில் எனக்கு ஆர்டர் நெரிக்கும். அதே மாதத்தில்தான் அந்தப் பக்கமும் குழந்தைகள் வரிசை கட்டிப் பிறக்கும்.

அந்தம்மாவிடம் ஒரு அலுமினியக் குழல் இருந்தது. சின்னப் புனல் மாதிரி. அகன்ற பக்கம் பிள்ளைத்தாய்ச்சியின் வயிற்றில், மற்றப் பக்கம் அவர் காதில். சேவூரிலிருந்து டவுன் பஸ்ஸில் வருவார். சோற்றுப் பையில் டிபன் பாக்ஸோடு அந்தக் குழலும் ஒரு துண்டில் சுற்றி இருக்கும். ஆஸ்பத்திரியில் விட்டுவிட்டுப் போகமாட்டார். ஆம்பளைகள் கட்டுகிற பெரிய வாட்ச் ஒன்றைக் கழற்றிக் கட்டில் மேல் வைத்துக்கொண்டு, வலி விட்ட உடனே குனிந்து, முழுசாக ஒரு நிமிஷம் எண்ணுவார். கால் நிமிஷம் எண்ணி நாலால் பெருக்குகிற வேலையெல்லாம் அவரிடம் கிடையாது. நடுவில் யாராவது பேசிவிட்டால் திட்டமாட்டார். "மொதல்லேர்ந்து" என்று சொல்லிவிட்டு ஒன்றிலிருந்து ஆரம்பிப்பார். ஒரு மாமியார்க்காரி தன் நாத்தனார் கதையைச் சொல்லிச் சொல்லி, அந்தம்மா நான்கு முறை முதலிலிருந்து எண்ணினாராம். ஐந்தாவது முறை அந்த மாமியார் தானே முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டாளாம். என் வீட்டுக்காரி போய்ப் பார்த்துவிட்டு வந்து சொன்னது.

எண்ணி முடித்து நிமிர்ந்ததும் வீட்டு மனிதர்கள் கேட்பார்கள், குழந்தை நல்லா இருக்குதா என்று.

"இப்பக்கி நல்லா இருக்குது" என்பார். அவ்வளவுதான். எல்லாம் நல்லபடி ஆகும், கவலைப்படாதே, சாமி இருக்கு, இந்த மாதிரி ஒரு வார்த்தை அவர் வாயிலிருந்து வாங்க முடியாது. புதிதாக வேலைக்குச் சேர்ந்த ஒரு பெண், பார்க்காமலே "நல்லாத்தான் இருக்கும்" என்று சொல்லிவிட்டாள். தெருவில் போகிற எனக்கே கேட்டது அந்தம்மா போட்ட போடு. "இருக்கும்னு சொல்றதுக்கு ஜோசியக்காரர் இருக்காரு. நமக்கு இருக்குதா, இல்லியா. அது ரெண்டுதான்."

ஒரு நாள் பகலில் ஊரில் பெரிய குடும்பத்துச் சாவு. மேளம், வெடியோடு பூ இறைத்துக்கொண்டு ஊர்வலம் எங்கள் தெருவுக்குள் திரும்பியது. அந்தம்மா ஆஸ்பத்திரியிலிருந்து இறங்கி வந்து பாடைக்கு முன்னால் நடுத்தெருவில் நின்றார். ஒரு விரல். கூட்டத்தில் எனக்குத் தெரிந்த பெரிய மனிதர்களே நாலு பேர். ஒருவருக்கும் என்ன செய்வது என்று புரியவில்லை. செத்தவரின் மகன் சீறிக்கொண்டு வந்தான். அந்தம்மா தணிவாகச் சொன்னார். "அப்பாவுக்கு இனிமே அவசரம் இல்லப்பா. உள்ள இருக்கிறதுக்குத்தான் அவசரம்." மேளம் நின்றது. வெடி நின்றது. அந்தம்மா உள்ளே போனார். நான் தறியை நிறுத்தினேன், யாரும் சொல்லாமலே. சாவும் சனமுமாகத் தெரு ஒரு நிமிஷம் மூச்சுப் பேச்சில்லாமல் நின்றது. உள்ளேயிருந்து சுவரில் இரண்டு தட்டு. மேளம் திரும்பவும் ஆரம்பித்தது. செத்தவரின் மகன் போகும்போது ஆஸ்பத்திரிப் பக்கம் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனான்.

அதைப் பார்த்த அன்றைக்கு நான்கூடக் கொஞ்சம் இறங்கி வந்தேன் என்றுதான் சொல்லவேண்டும். சாயங்காலம் பஸ்ஸுக்குப் போகிறவரை நிறுத்தி, என் காதைப் பற்றிப் பெருமையாகச் சொன்னேன். எட்டுத் தறியில் ஒன்று தப்பினால் கண்டுபிடிப்பேன் என்று. அந்தம்மா அதை லேசாக எடுத்துக்கொள்ளவில்லை. நின்று கேட்டார்.

"உங்களுக்கு எட்டு. எனக்கு ரெண்டே தறிதாண்ணா. ஒண்ணு அம்மாவுது, ஒண்ணு குழந்தையுது. ரெண்டும் ஒரே வயித்துல அடிக்குது. எது யாருதுன்னு பிரிக்காம எண்ணினா, தப்பான தறிய எண்ணிட்டு வந்துடுவேன்."

அதனால்தான் குழல் காதில் இருக்கும்போது இன்னொரு கை தாயின் மணிக்கட்டைப் பிடித்திருக்குமாம். கையில் ஒரு நாடி, காதில் ஒரு நாடி. இரண்டும் வேறு வேறாக ஓடினால்தான் காதில் விழுவது குழந்தையுடையது. இரண்டும் ஒன்றாக ஓடினால் அது தாயுடையது. குழந்தையை இன்னும் கேட்கவே இல்லை என்று அர்த்தம். எனக்கு ஒரு தரம் சொன்னால் போதும். தறிக்காரனுக்குப் புரியாத விஷயமா அது? அதைத்தான் இன்றுவரைக்கும் என்னால் விழுங்க முடியவில்லை. எனக்குப் புரியும்படி அந்தம்மா சொல்லியிருந்தார். எனக்குப் புரிந்தும் இருந்தது.

ஆனால் முகூர்த்தம் வந்தால் புரிந்தது எல்லாம் மறந்துபோகும். எட்டுத் தறி பதினாறாயிற்று. சென்னையிலிருந்து கடைக்காரர்கள் காரில் வந்து உட்கார்ந்திருக்கும்போது அந்தப் பெருக்குகிற பெண் வந்து விரலைத் தூக்குவாள். எனக்கு உடம்பெல்லாம் எரியும். அப்போதுதான் ஒருவர் சொன்னார், குழந்தையின் துடிப்பைக் கேட்கவே மிஷின் வந்துவிட்டது, வயிற்றில் பெல்ட்டைக் கட்டிவிட்டால் தானே கேட்டுக் காகிதத்தில் கோடு போடும், இடி இடித்தாலும் அதற்குக் கவலையில்லை என்று. நான் யோசிக்கவே இல்லை. சென்னைக்கு ஆளனுப்பி வரவழைத்தேன். இந்தச் சுற்று வட்டாரத்தில் எந்தத் தனியார் ஆஸ்பத்திரியிலும் அப்போது அது கிடையாது. தர்மம் என்று ஊர் பேசியது. தர்மம் இல்லை. என் தறி நிற்கக்கூடாது, அதற்காக வாங்கினேன். டாக்டரிடம் அதை வெளிப்படையாகவே சொன்னேன். மிஷின் உங்களுக்கு, இனிமேல் விரல் என் வாசலுக்கு வரக்கூடாது. டாக்டர் சந்தோஷமாகத் தலையாட்டினார்.

மிஷினுக்கு மாலை போட்டு, சூடம் காட்டி, பக்கவாட்டில் உபயம் என்று என் பேரைச் சிவப்புப் பெயிண்டில் எழுதியிருந்தார்கள். அன்றைக்கு ஒரு பிள்ளைத்தாய்ச்சிக்குக் கட்டிக் காட்டினார்கள். நாங்கள் ஆம்பளைகள் கதவுக்கு வெளியே. குதிரை ஓடுகிற மாதிரி டக்டக்கென்று சத்தம் வெளியே வரைக்கும் கேட்டது. எல்லாரும் கை தட்டினார்கள். பிறகு அந்தம்மா வெளியே வந்தபோது, மிஷின் ஓடும்போதும் இவர் அந்தப் பெண்ணின் கையைப் பிடித்துக்கொண்டுதான் இருந்தார் என்று என் வீட்டுக்காரி சிரித்துக்கொண்டே சொன்னாள். நான் கேட்டேன், இன்னும் எதுக்கும்மா கையைப் பிடித்துக்கொண்டு, அதுதான் மிஷின் கேட்கிறதே என்று.

"மிஷினு கேக்குது. யாருதக் கேக்குதுன்னு அதுக்குத் தெரியாது."

மாலையும் சூடமும் மணக்கிற இடத்தில், என் சம்பந்தி உட்பட இருபது பேர் முன்னால், என் பேர் எழுதிய மிஷினைப் பற்றி ஒரு சம்பளக்காரி சொன்ன வார்த்தை அது. நான் சிரித்துவிட்டு வந்துவிட்டேன். ஆனால் உள்ளே அது வேகாத சோறு மாதிரி கிடந்தது.

அடுத்த வருஷம் என் மகள் கவிதாவுக்குத் தலைப்பிரசவம். வளைகாப்பு முடித்து எங்கள் வீட்டுக்குக் கூட்டி வந்திருந்தோம். ஆவணி மாதம், காலையிலேயே வலி எடுத்துவிட்டது. லேசாகக் காய்ச்சலும் இருந்தது, அதில் அவள் நாடியே வேகமாக ஓடியதாம். பெல்ட்டைக் கட்டினார்கள். சத்தம் சும்மா கணீரென்று வந்தது. நான் வராந்தாவில் சம்பந்தியை உட்காரவைத்துச் சொல்லிக்கொண்டிருந்தேன், பார்த்தீங்களா, நான் வாங்கிக் கொடுத்து அன்றைக்கு நீங்க பார்த்த மிஷின்தான், சுவருக்கு அந்தப் பக்கம் பதினாறு தறி ஓடுது, இதுக்கு ஒரு குறைச்சலும் இல்லை என்று. டாக்டர் பார்த்துவிட்டு, இன்னும் நேரம் இருக்கிறது என்று சாப்பிட வீட்டுக்குப் போயிருந்தார். உள்ளே இரண்டு பேர். சின்ன நர்ஸ் ஒருத்தி, பிறகு அந்தம்மா.

பதினொன்றரை இருக்கும். அந்தம்மா வெளியே வந்தார். நேராக என்னிடம்.

"அண்ணா, தறிய நிறுத்துங்க."

நான் கேட்காத மாதிரி இருந்தேன். சம்பந்தி என் முகத்தைப் பார்த்தார்.

"மிஷினும் உங்க பொண்ணு நாடியும் ஒண்ணா ஓடுது. அது குழந்தையுது இல்ல. நான் குழல்ல கேக்கணும். நிறுத்துங்க."

உள்ளேயிருந்து சின்ன நர்ஸ் எட்டிப் பார்த்து, நம்பர் நல்லாத்தான் காட்டுது முதலாளி, நூத்தி இருபத்தெட்டு, என்றாள். எனக்கு அது போதுமாக இருந்தது.

"ஏம்மா, உனக்கு இன்னா, மிஷின் வந்ததுலேர்ந்து உன் மவுசு போச்சுன்னு வயித்தெரிச்சலா? தறி நிக்கக்கூடாதுன்னுதானே அத்த வாங்கிக் குடுத்தேன். போய் வேலையப் பாரு."

இதுதான் நான் சொன்னது. ஒரு எழுத்தும் மாற்றவில்லை. என் சொந்த மகள் உள்ளே கிடக்கிறாள்.

அந்தம்மா உள்ளே போகவில்லை. படியிறங்கித் தெருவுக்குப் போனார். கோபித்துக்கொண்டு பஸ் ஏறப் போகிறார் என்று நினைத்தேன். சம்பந்தியிடம் ஏதோ நக்கலாகக்கூடச் சொன்னேன். ஒரு நிமிஷம் ஆகவில்லை, பதினாறு தறியும் ஒரே அடியில் நின்றது. மேஸ்திரி கத்துவது கேட்டது. அந்தம்மா திரும்பிவந்தபோது ஓட்டமாக வந்தார். தறிக்கூடத்து மெயினை இறக்கி, மூன்று ஃபியூஸ் கட்டையையும் பிடுங்கி, யாரும் திரும்பப் போட்டுவிடக்கூடாது என்று கையோடு கொண்டுவந்துவிட்டார். அவர் ஓடும்போது மடியில் அவை ஒன்றோடொன்று மோதிக் கடகடவென்றன. என்னைத் தாண்டி உள்ளே போய்க் கதவைச் சாத்தினார்.

நான் கதவுக்கு வெளியே நின்றேன். கையை ஓங்கிக்கொண்டுதான் போனேன், தட்டுவதற்கு. அப்போதுதான் கேட்டது.

தறி நின்றுவிட்டதால் மிஷின் சத்தம் மட்டும் தெளிவாக வந்தது. என் மகள் வலியில் முக்கும்போது அது வேகமெடுத்தது. அவள் மூச்சு விடும்போது தணிந்தது. முக்கினால் வேகம். விட்டால் தணிவு. எனக்கு எட்டுத் தறியில் ஒன்று தப்பினால் தெரியும். அது யாருடைய துடிப்பு என்று அந்த நிமிஷமே என் காதுக்குத் தெரிந்துவிட்டது. ஓங்கிய கையைத் தட்டாமல் இறக்கினேன். ஆனால் வாயைத் திறக்கவில்லை.

உள்ளே மிஷினை அணைத்துவிட்டார். பிறகு ஒரு சத்தமும் இல்லை. அவ்வளவு நீளமான நிமிஷத்தை நான் அதற்கு முன்னும் பார்த்ததில்லை, பின்னும் பார்த்ததில்லை. கதவு திறந்தது.

"குழந்தையுது எண்பதுக்கு எறங்கிடுச்சு. டாக்டருக்குப் போன் போடு, ஜல்தி. சாப்பாட்டுக் கையோட வரச் சொல்லு." சின்ன நர்ஸிடம் சொன்னது.

மகளை இடது பக்கமாகத் திருப்பிப் படுக்கவைத்து மூக்கில் ஆக்சிஜன் வைத்தார்களாம். டாக்டர் வீடு நாலு தெரு தள்ளித்தான். வந்து ஆயுதம் போட்டு எடுத்தார்கள். குழந்தை அழவில்லை. எண்ணிக்கொண்டே இருந்தேன், அந்தம்மா மாதிரியே, எதை எண்ணுகிறேன் என்று தெரியாமல். நூறைத் தாண்டி எங்கேயோ அது அழுதது. பேத்தி.

இந்த இடத்தில் நான் ஒழுங்கான மனிதனாக இருந்திருந்தால் கதை முடிந்திருக்கும்.

கூடத்துக்குப் போனேன். பதினாறு தறியிலும் நாடா பாதியில் மாட்டி, இழை அறுந்து கிடந்தது. தறிக்காரர்கள் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்கள். ஒருத்தன் அடக்க முடியாமல் சிரித்தான். சம்பந்தியும் பார்த்துவிட்டார். சாயங்காலம் டாக்டர் என்னிடம் வந்தார். நல்லவேளை முதலாளி, நீங்க வாங்கிக் குடுத்த மிஷின் இருந்ததால தெரிஞ்சுது என்றார். கட்டடத்துக்கு ஒப்பந்தம் புதுப்பிக்கிற மாதம் அது. எனக்கு உண்மை தெரியும். என் முகத்துக்கு நேராகப் பொய் சொல்கிறார் என்றும் தெரியும். அந்தப் பொய் எனக்குத் தேவையாக இருந்தது. எடுத்துக்கொண்டேன். பிறகு சொன்னேன், என் மெயினில் கை வைத்தவள் என் கட்டடத்தில் இருக்கக்கூடாது என்று.

மறுநாளிலிருந்து அந்தம்மா வரவில்லை. சண்டை போடவில்லை, ஊரைக் கூட்டவில்லை. குழலைத் துண்டில் சுற்றி எடுத்துக்கொண்டு போய்விட்டார். சாவு ஊர்வலத்தையே மறித்த பெண்பிள்ளைக்கு என்னை எதிர்த்து நிற்க இரண்டு வார்த்தை இல்லையா? எத்தனையோ நாள் அவர் மேல் எனக்கு அந்தக் கோபம் இருந்தது. குழந்தைக்காக என்றால் தெருவில் இறங்குவார், தனக்காக என்றால் ஒரு விரலைக்கூடத் தூக்கமாட்டார். இது என்ன நியாயம்?

பேர் வைக்கிற அன்றைக்கு வந்தவர்களிடமெல்லாம் மிஷின் காப்பாற்றிய குழந்தை என்று சொன்னேன். எல்லாரும் ஆமாம் என்றார்கள். சின்ன நர்ஸ் ஆமாம் என்றாள். சம்பந்தி, அவரும் அன்றைக்கு வராந்தாவில் உட்கார்ந்திருந்தவர்தானே, அவரும் ஆமாம் என்றார். ஒருத்தருக்காவது என் முகத்தைப் பார்த்து அடப் பாவி என்று சொல்லத் தைரியம் வரவில்லை. இதுதான் நான் சம்பாதித்த மரியாதை. மகள் மட்டும் சொன்னாள். என்னை அவள் நைனா என்றுதான் கூப்பிடுவாள்.

"அது என் நாடி, நைனா. மிஷின் டக்குனு அடிக்கிறப்ப எல்லாம் அவங்க என் மணிக்கட்டுல விரலால தட்டிக் காட்டினாங்க. ஒண்ணுகூடத் தப்பல."

பிள்ளை பெற்ற மயக்கத்தில் உளறாதே என்று அவள் வாயை அடைத்தேன். அவள் பிறகு அதைப் பற்றிப் பேசவே இல்லை. ஆறு வருஷம் கழித்து இரண்டாவது உண்டானபோதுதான் பேசினாள். உன் பேர் எழுதின மிஷின்கிட்ட நான் படுக்கமாட்டேன், அவங்க எங்க இருக்காங்களோ அங்கதான் என்றாள். விசாரித்து வைத்திருந்தாள். பெரணமல்லூரில் ஒரு சின்ன ஆஸ்பத்திரி. காரில் நானே கூட்டிக்கொண்டு போனேன். வேறு என்ன செய்ய?

அந்தம்மாவுக்குத் தலை பாதி நரைத்திருந்தது. அதே குழல், அதே வாட்ச். என்னைப் பார்த்ததும் முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. பக்கத்து ஊட்டு அண்ணா நல்லா இருக்கீங்களா என்று கேட்டுவிட்டு உள்ளே போனார். நான் வெளியே பெஞ்சில் உட்கார்ந்து செல்போனில் வியாபாரம் பேசிக்கொண்டிருந்தேன். என் குரல் எப்போதுமே பெரிசு. தறிக்கூடத்தில் வளர்ந்த குரல். ஜன்னல் திறந்து ஒரு விரல் வெளியே வந்தது.

போனை அணைத்தேன். மூச்சைக்கூட மெதுவாக விட்டேன்.

நல்லபடியாகப் பிறந்தது, பையன். அந்தம்மா கை கழுவிக்கொண்டு வந்தபோது எழுந்து நின்றேன். மன்னிப்பு என்ற வார்த்தை என் வாய்க்குப் பழக்கமில்லை. எனக்குத் தெரிந்த விதத்தில் கேட்டேன். நீ ஆரணிக்கே வந்துடும்மா, நான் டாக்டர்கிட்டச் சொல்றேன் என்றேன்.

"நீங்க சொல்லித்தாண்ணா போனேன். வர்றதும் நீங்க சொல்லித்தானா?"

குரலில் கோபம் இல்லை. இருந்திருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். துண்டில் குழலைச் சுற்றிக்கொண்டே கேட்டார்.

"அந்த மிஷினு இருக்குதா?"

"ஓடுது."

"நல்ல மிஷினுதான். கட்டறவங்க கையப் புடிச்சிப் பாக்கறாங்களா?"

எனக்குத் தெரியவில்லை. ஆறு வருஷம் அதன் பெருமையை ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தவனுக்கு அது தெரியவில்லை. தெரியாது என்று சொன்னேன். அந்தம்மா அடுத்த கட்டிலுக்குப் போய்விட்டார்.

அன்றைக்கே ஆரணிக்குத் திரும்பி, வீட்டுக்குக்கூடப் போகாமல் ஆஸ்பத்திரிக்குள் நுழைந்தேன். சுவருக்கு அந்தப் பக்கம் என் தறிகள் இடித்துக்கொண்டிருந்தன. யார் தடுத்தும் நிற்காமல் பிரசவ அறை வாசல் வரைக்கும் போனேன். திரை பாதி விலகியிருந்தது. பெல்ட் கட்டி ஒரு பெண் படுத்திருந்தாள், யார் வீட்டுப் பெண்ணோ. கணீரென்று சத்தம். நர்ஸ் பெண் ஸ்டூலில் உட்கார்ந்து காகிதத்தில் கோடு ஓடுவதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். படுத்திருந்தவளின் கை கட்டிலுக்கு வெளியே சும்மா தொங்கிக்கொண்டிருந்தது.

கத்தினேன். கையப் பிடி, கையப் பிடிச்சுப் பாரு, அது யாருதுன்னு பாரு என்று என் தொண்டையில் இருந்ததையெல்லாம் போட்டுக் கத்தினேன். தறிச் சத்தத்தில் பாதிதான் கேட்டிருக்கும். நர்ஸ் பெண் பயந்து எழுந்து சுவரோரம் ஒதுங்கினாள். வேறு வீட்டுப் பெண்ணின் கையை நான் போய்ப் பிடிக்க முடியுமா? மிஷினைத்தான் காட்டினேன், விரலை நீட்டி நீட்டி. டாக்டர் ஓடிவந்தார். என்னைப் பார்த்தார். என் விரல் போன பக்கம் பார்த்தார். மிஷினின் பக்கவாட்டில் என் பேர் வெளுத்துப்போய்ப் பாதி எழுத்து உதிர்ந்திருந்தது. டாக்டர் முகத்தில் நிம்மதி வந்தது.

"ஐயோ, இதுக்கா முதலாளி இவ்ளோ கோவம்? நாளைக்கே ஆள வரச்சொல்லி உங்க பேரப் புதுசா எழுதிடறேங்க."

அப்போதும் அந்தப் பெண்ணின் மணிக்கட்டை யாரும் பிடித்திருக்கவில்லை.